கோல்ட்ஃபிங்கராக நடித்தவர் யார்? கெர்ட் ஃப்ரோபே பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய ஐரோப்பியப் படங்களை வீட்டுக் கூடத்தில் நண்பர்களுக்குப் போட்டுக் காட்டுவது என் நெடுநாள் வழக்கம். ஜெர்மன் நடிகர் கெர்ட் ஃப்ரோபே திரையில் வந்துவிட்டால் போதும், படம் முடிந்ததும் ஒரே மாதிரியான கேள்விகள் வரும். "இவர் அந்த பாண்ட் பட வில்லன்தானே?" என்று தொடங்கி, "நாஜிக் கட்சியில் இருந்தாராமே?" என்பது வரை போகும். ஒவ்வொரு முறையும் முதலிலிருந்து சொல்வதை விட ஒரே இடத்தில் எழுதி வைக்கலாம் என்று தொகுத்தேன். கேள்விகளைக் கேட்டவர்கள் கேட்டபடியே போட்டிருக்கிறேன்.

யாருங்க இவர்? ரெண்டே வரியில சொல்ல முடியுமா?

கெர்ட் ஃப்ரோபே, ஜெர்மனியின் குணச்சித்திர நடிகர். 1913 பிப்ரவரி 25 அன்று சாக்சனி மாநிலத்தில் ஓபர்பிளானிட்ஸ் என்ற ஊரில் பிறந்தார். அந்த ஊர் இன்று ஸ்விக்காவ் நகரத்துக்குள் அடங்கிவிட்டது. 1964-ல் வந்த 'கோல்ட்ஃபிங்கர்' படத்தில் தங்கப் பித்துப் பிடித்த வில்லனாக நடித்ததால் உலகம் முழுக்கத் தெரிந்த முகம் ஆனார்.

அந்த ஒரு படத்தோடு அவரை நிறுத்திவிடக் கூடாது என்பதற்காகத்தான் இந்தப் பக்கமே. அதற்கு முன்னும் பின்னுமாக 40 ஆண்டு உழைப்பு இருக்கிறது.

பேரை எப்படிச் சொல்றது? ஃப்ரோபேயா, ஃப்ரோபா?

ஃப்ரோபே என்றால் யாருக்கும் புரியும். ஆனால் ஜெர்மன் எழுத்தில் அந்த 'ஓ' மேல் இரண்டு புள்ளிகள் உண்டு. 'ஏ' என்று சொல்லிக்கொண்டே உதட்டை மட்டும் 'ஓ'வுக்குக் குவித்தால் வருகிற ஒலி அது. தமிழில் அதற்கு எழுத்து இல்லை. ஆங்கிலப் படங்களின் பெயர்ப் பட்டியலில் அந்தப் புள்ளிகளை விட்டுவிட்டார்கள். அதனால் 'ஃப்ரோப்' என்று சொல்பவர்களும் இருக்கிறார்கள்.

சினிமாவுக்கு வர்றதுக்கு முன்னாடி என்ன செஞ்சுக்கிட்டிருந்தார்?

வயலின் வாசித்தார். தலைமுடி நல்ல சிவப்பு என்பதால் 'ஸ்விக்காவின் சிவப்பு வயலின்காரர்' என்று இளம் வயதிலேயே ஊருக்குள் பெயர். பிறகு டிரெஸ்டன் அரசு நாடக அரங்கில் மேடைக்குப் படுதா, காட்சித் திரை வரையும் வேலையைக் கற்றுக்கொண்டார். படுதாவுக்குப் பின்னால் நின்றவருக்கு முன்னால் வந்து நிற்க ஆசை வந்தது. அதே ஊரில் பெரிய நடிகராக இருந்த எரிக் போன்டோவிடம் நடிப்புப் பாடம் கேட்டார். வுப்பர்டால், ஃபிராங்க்ஃபர்ட் என்று மேடைகளில் ஏறி, வியன்னாவுக்குப் போய்ச் சேர்ந்தார். 1944-ல் போருக்காக நாடக அரங்குகளையெல்லாம் மூடியபோது அவரையும் ராணுவத்தில் சேர்த்துவிட்டார்கள்.

எரிக் போன்டோ என்ற பெயரை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். 1928-ல் பெர்லினில் 'முப்பைசா ஓபரா' முதல்முறை மேடையேறியபோது, பிச்சைக்காரர்களை வைத்துத் தொழில் நடத்தும் பீச்சமாக நடித்தவர் அவர்தான். 1963-ல் வொல்ஃப்காங் ஷ்டாட்டே அதைப் படமாக எடுத்தபோது பீச்சம் வேடம் ஃப்ரோபேவுக்கு வந்தது. குரு போட்ட வேஷத்தை 35 வருஷம் கழித்து சீடர் போட்டார். இது எனக்கு மிகவும் பிடித்த தகவல்.

குணச்சித்திர நடிகர்னா, ஹீரோவா நடிச்சதே இல்லையா?

நடித்திருக்கிறார், அதுவும் ஆரம்பத்திலேயே. 1948 கடைசியில் வெளிவந்த 'பெர்லினர் பல்லாடே', அதாவது பெர்லின் கதைப்பாடல், அவரைத் தூக்கிவிட்ட படம். போர்க்கைதியாக இருந்துவிட்டு, குண்டுவீச்சில் இடிந்துபோன பெர்லினுக்குத் திரும்பி வருகிற ஒரு சாமானியனின் கதை. பார்க்கிறவர்கள் திகைத்துப் போவார்கள், ஏனென்றால் அந்தப் படத்தில் ஃப்ரோபே ஈர்க்குச்சி. கன்னம் ஒட்டி, கழுத்து நீண்டு, தொளதொளவென்று தொங்கும் ராணுவக் கோட்டுக்குள் ஆளே காணாமல் போயிருப்பார். பெர்லின் மொத்தமும் அன்று அப்படித்தான் இருந்தது.

பாத்திரத்தின் பெயர் ஓட்டோ நார்மால்ஃபெர்பிராவ்க்கர். போருக்குப் பிந்தைய ரேஷன் அட்டைகளில் 'நார்மால்ஃபெர்பிராவ்க்கர்' என்று ஒரு பிரிவு இருந்தது. கடும் உடலுழைப்பு, கர்ப்பம் போன்ற காரணங்களுக்காகக் கூடுதல் பங்கு கிடைக்காத, வெறும் சாதாரண நுகர்வோர் என்று பொருள். திரைக்கதை எழுதிய குன்டர் நாய்மன் அதையே ஒரு மனிதனுக்குக் குடும்பப் பெயராக வைத்துவிட்டார். இன்றும் ஜெர்மானியர்கள் 'சராசரி ஆள்' என்று சொல்ல வேண்டிய இடத்தில் 'ஓட்டோ நார்மால்ஃபெர்பிராவ்க்கர்' என்கிறார்கள். படத்தைப் பார்க்காதவர்களும் சொல்கிறார்கள். ஒரு நடிகனுடைய முதல் பெரிய வேடம் மொழிக்குள்ளேயே போய் உட்கார்ந்துகொள்வது எத்தனை பேருக்குக் கிடைக்கும்?

பாண்ட் படக்காரங்க இங்கிலாந்துல உட்கார்ந்துக்கிட்டு இவரை எப்படிக் கண்டுபிடிச்சாங்க?

1958-ல் வந்த ஒரு படத்தின் வழியாக. ஜெர்மன் தலைப்பைத் தமிழில் சொன்னால் 'பட்டப்பகலில் நடந்தது'. சுவிட்சர்லாந்தில் நடக்கும் கதை. இயக்கியவர் லாடிஸ்லாவோ வாய்டா, எழுத்தில் பெரும் பங்கு ஃபிரெட்ரிக் டூரன்மாட். காட்டில் ஒரு சிறுமி கொலை செய்யப்பட்டுக் கிடக்கிறாள். பார்த்துச் சொன்ன ஒரு நடைவியாபாரியின் மேலேயே பழி விழ, அவர் தூக்குப் போட்டுக்கொள்கிறார். ஹைன்ஸ் ரூமான் நடித்த மத்தேயி என்ற போலீஸ் அதிகாரிக்கு மட்டும் மனசு ஒப்பவில்லை. அந்தச் சிறுமி பள்ளியில் வரைந்து வைத்திருந்த ஒரு படத்தில் ஒரு ராட்சத உருவம், கறுப்பு கார், முள்ளெலிகள், கொம்புள்ள ஒரு மிருகம். அந்தக் கொம்பு மிருகம் கிராவுபுன்டன் மாநிலத்தின் சின்னமான மலையாடு, காரின் நம்பர் பலகையில் இருப்பது என்று கண்டுபிடித்து, அந்த வழியில் ஒரு பெட்ரோல் பங்க் எடுத்து நடத்தியபடி காத்திருக்கிறார் மத்தேயி.

அந்த ராட்சதன்தான் ஃப்ரோபே. ஷ்ரோட் என்று பெயர். வெளியில் காட்டில் நிற்கும்போது மலை மாதிரி இருக்கிறவர், வீட்டுக்குள் மனைவியின் முன்னால் தோள் குறுகி, பார்வை தாழ்ந்து, திட்டு வாங்கும் பள்ளிப் பையன் ஆகிவிடுவார். அப்புறம் காட்டுக் காட்சி. அந்தப் பெரிய உடம்பு மரங்களுக்கு நடுவே குனிந்து, ஒரு கையில் துணிப் பொம்மையை மாட்டிக்கொண்டு குழந்தைக்கு வித்தை காட்டுகிறது. குரல் இளகிப்போகிறது. முகத்தில் ஒரு நிஜமான சந்தோஷம். விரல்கள் பொம்மைக்குள் ஆடுகின்றன. முள்ளெலி என்று அந்தச் சிறுமி வரைந்தது இவர் கொடுத்த சாக்லேட்டைத்தான். ரத்தமோ கத்தியோ காட்டாமல் வயிற்றைப் பிசைய வைக்கும் காட்சி அது. எங்கள் வீட்டுத் திரையிடலில் அந்தக் கட்டத்தில் ஒருவர் எழுந்து வெளியே போய்விட்டார். படம் வெளிநாடுகளில் ஓட, பாண்ட் தயாரிப்பாளர்கள் கண்ணில் பட, வேடம் தேடி வந்தது.

நான் அந்த நாவலைப் படிச்சிருக்கேன். அதுல கொலைகாரன் மாட்டவே மாட்டானே?

சரிதான், இரண்டும் வேறு வேறு. பெரும்பாலும் நாவல் எழுதிப் படமாவதுதான் நடக்கும். இங்கே படம் முந்திக்கொண்டது. புத்திசாலிப் போலீஸ் கணக்குப் போட்டுக் காத்திருந்து குற்றவாளியைப் பிடிப்பது டூரன்மாட்டுக்கு உறுத்தியது. வாழ்க்கை அப்படிக் கணக்குக்கு அடங்காது என்று நினைத்து, அதே கதையை அதே ஆண்டில் நாவலாகத் திருப்பி எழுதினார். நாவலில் கொலைகாரன் வருகிற வழியில் கார் விபத்தில் செத்துப்போகிறான். மத்தேயி பெட்ரோல் பங்கில் காத்துக் காத்துச் சிதைந்துபோகிறார். உண்மை தெரிவது வெகு காலம் கழித்து, சாகக் கிடக்கும் ஒரு கிழவியின் வாயிலிருந்து.

நாவலாக அது பெரிய சாதனை. ஆனால் நாவலில் ஷ்ரோட் வெறும் பேச்சில் வந்துபோகிற நிழல். ஃப்ரோபே அவனுக்கு ஒரு முகமும் கையும் கொடுத்தார். இரண்டையும் படிக்கவும் பார்க்கவும் வேண்டும், வரிசை எப்படியானாலும் பரவாயில்லை.

கோல்ட்ஃபிங்கர்ல அவர் குரல் அவரோடது இல்லைன்னு சொல்றாங்களே, நிஜமா?

நிஜம். ஃப்ரோபேவுக்கு அப்போது ஆங்கிலம் சரிவரத் தெரியாது. வசனங்களை ஒலியாக மனப்பாடம் செய்து ஒப்பித்தார். படப்பிடிப்பு தொடங்கியதும் இது சரிப்படாது என்று இயக்குநர் கை ஹாமில்டனுக்குப் புரிந்தது. வசனத்தை வேகமாகச் சொல்லிவிடுங்கள், பிறகு வேறு குரல் சேர்த்தால் உதட்டசைவு பொருந்திவிடும் என்று ஏற்பாடு. மைக்கேல் காலின்ஸ் என்ற ஆங்கில நடிகர் டப்பிங் பேசினார்.

காலின்ஸ் பிரமாதமாகப் பேசியிருக்கிறார், அவருக்கு உரிய பெருமையைக் கொடுக்கத்தான் வேண்டும். ஆனால் 'குரல் போனால் நடிப்பில் பாதி போச்சு' என்று ஒரு நண்பர் சொன்னதை என்னால் ஏற்க முடியவில்லை. கோல்ஃப் ஆட்டத்தைப் பாருங்கள். பாண்ட் பந்தயப் பொருளாக ஒரு தங்கக் கட்டியைக் குழிக்குப் பக்கத்தில் தரையில் போடுகிறார். பந்தைத் தட்டப் போன கோல்ட்ஃபிங்கரின் கண் ஒரு கணம் அதன் மேல் போகிறது, அடி பிசகிவிடுகிறது. அதில் வசனமே இல்லை. பணக்கார வில்லன் ஒருவன் தங்கத்தைப் பார்த்ததும் மிட்டாய்க் கடை முன் நிற்கும் சிறுவனாகிவிடுவதை அந்தக் கண் மட்டுமே சொல்லிவிடுகிறது.

லேசர் காட்சியும் அப்படித்தான். மேஜையில் கட்டிப்போட்ட பாண்ட், நான் பேசுவேன் என்று எதிர்பார்க்கிறாயா என்று கேட்க, இல்லை, நீ சாக வேண்டும் என்றுதான் எதிர்பார்க்கிறேன் என்று பதில் வரும். சொற்கள் காலின்ஸின் வாயிலிருந்து வருகின்றன. ஆனால் அந்தப் பதிலுக்குரிய உற்சாகம், அவசரமே இல்லாமல் நகரும் அந்த உடம்பு, எல்லாம் ஃப்ரோபே.

அந்த லேசர் நிஜமாவே இருந்ததா?

ஒளிக்கற்றை படம் எடுத்த பிறகு சேர்த்தது. மேஜை வெந்து பிளப்பது மட்டும் நிஜம்: அடியில் ஒரு தொழிலாளி படுத்துக்கொண்டு வெல்டிங் சுடரால் அறுத்துக்கொண்டு வந்தார். ஷான் கானரிக்கு அந்த வியர்வை சும்மா வரவில்லை. இயன் ஃபிளெமிங்கின் நாவலில் அந்த இடத்தில் வட்ட ரம்பம்தான். லேசர் 1960-ல்தான் முதன்முதலில் செய்யப்பட்டது என்பதால் படக்காரர்கள் புதுசாக இருக்கட்டும் என்று மாற்றிக்கொண்டார்கள்.

மியாமி நீச்சல் குளத்துக்கிட்ட சீட்டு விளையாடுவாரே, அது அமெரிக்காவுல எடுத்ததா?

ஊரை மட்டும் அங்கே போய் எடுத்துக்கொண்டு வந்தார்கள். ஃப்ரோபேவும் சரி, கானரியும் சரி, அந்தப் படப்பிடிப்புக்காக மியாமி போகவில்லை. அவர்கள் வருகிற பகுதிகள் லண்டனுக்குப் பக்கத்தில் பைன்வுட் ஸ்டுடியோவில் போட்ட செட். கோல்ஃப் மைதானமும் இங்கிலாந்தில் ஸ்டோக் போஜெஸ் என்ற இடத்தில் இருப்பதுதான்.

வில்லன் வேஷம் தவிர வேற என்ன பண்ணியிருக்கார்?

போலீஸ். நிறைய போலீஸ். 1960-ல் ஃபிரிட்ஸ் லாங் எடுத்த கடைசிப் படம் 'டாக்டர் மபூசேவின் ஆயிரம் கண்கள்'. அதில் இவர் கிராஸ் என்ற இன்ஸ்பெக்டர். தொடர்ந்து வந்த இரண்டு மபூசே படங்களில் லோமான் என்ற இன்ஸ்பெக்டர். இங்கேயும் ஒரு வேடிக்கையான கண்ணி இருக்கிறது. லோமான் என்ற பாத்திரம் ஃபிரிட்ஸ் லாங்கின் 1931-ம் ஆண்டுப் படமான 'எம்'மில் முதலில் வந்தது. அதில் லோமான் தேடுவது சிறுமிகளைக் கொல்லும் ஒருவனை. 1958-ல் அப்படிப்பட்ட கொலைகாரனாக நடித்தவருக்கு 1961-ல் அவனைத் தேடிய போலீஸ்காரரின் தொப்பி கிடைத்திருக்கிறது. இரண்டுமே பொருந்துகிற உடல்வாகு!

பிரெஞ்சுப் படங்களிலும் ஏராளம். ஜூல் டாசான், குளோத் ஓட்டன்-லாரா போன்றவர்களோடு வேலை செய்தார். ழான்-பால் பெல்மான்டோவோடு நடித்தார். 1971-ல் வாரன் பீட்டி, கோல்டி ஹான் நடித்த அமெரிக்கப் படமான 'டாலர்'ஸில் ஹாம்பர்க் வங்கி மேலாளர். இவையெல்லாம் சின்னதும் நடுத்தரமுமான வேடங்கள். தேடிப் பார்க்கிறவர்களுக்குச் சந்தோஷம் தரும்.

ஜெர்மன் நடிகர்னா உடனே ராணுவ யூனிஃபார்ம் மாட்டி விட்டுடுவாங்களே?

மாட்டிவிட்டார்கள். 1962-ல் வந்த 'தி லாங்கஸ்ட் டே' நார்மண்டி தரையிறக்கம் பற்றிய பிரம்மாண்டமான படம். அதில் ஃப்ரோபேவுக்குக் கிடைத்தது ஒரு தடித்த சார்ஜன்ட். காலையில் குதிரை மேல் ஆடி ஆடி, கடற்கரைக் காவல் நிலையத்துக்குக் காபி கொண்டுபோகிற வேலை. பாத்திரத்தின் பெயரே 'காஃபகன்னே', காபிக் கூஜா. நட்சத்திரப் பட்டாளத்துக்கு நடுவே நிமிஷக் கணக்கில் வந்துபோகிறார். ஆனால் கடலில் கப்பல்கள் நிறைந்து குண்டு விழத் தொடங்கும்போது அந்தக் காபிக்காரர் படுகிற பாடுதான் எனக்கு அந்த நீண்ட படத்தில் முதலில் நினைவுக்கு வரும்.

1966-ல் அதற்கு நேர் எதிர். ரெனே கிளெமான் இயக்கிய 'பாரிஸ் எரிகிறதா?' படத்தில் பாரிஸின் ஜெர்மன் தளபதி டீட்ரிக் ஃபான் ஷோல்டிட்ஸ். நகரத்தை அழித்துவிடு என்று ஹிட்லர் கட்டளையிட, அதை நிறைவேற்றாமல் சரணடைகிற ஜெனரல். இந்த மனிதர் உண்மையிலேயே பாரிஸைக் காப்பாற்ற நினைத்தாரா, வேறு வழி இல்லாமல் விட்டாரா என்பதில் வரலாற்றாசிரியர்களுக்குள் வாதம் ஓயவில்லை. ஃப்ரோபே அவரை நல்லவராகவும் காட்டவில்லை, அரக்கனாகவும் காட்டவில்லை. தூக்கம் கெட்ட, கணக்குப் போட்டுக்கொண்டிருக்கிற ஒரு அதிகாரி. மூல நூலை எழுதியவர்கள் லாரி காலின்ஸ், டொமினிக் லாப்பியர். இந்திய விடுதலையைப் பற்றி 'நள்ளிரவில் சுதந்திரம்' எழுதிய அதே ஜோடி.

ஆர்சன் வெல்ஸுக்கும் இவருக்கும் ஏதோ சம்பந்தம்னு படிச்சேன்?

மூன்று இடத்தில் பாதைகள் குறுக்கிட்டன. 1955-ல் வெல்ஸ் இயக்கி நடித்த 'மிஸ்டர் அர்காடின்' படத்தில் ஃப்ரோபேவுக்கு ஒரு சின்ன போலீஸ் வேடம். கோல்ட்ஃபிங்கர் வேடத்துக்கு முதலில் நினைத்தவர்களில் வெல்ஸும் ஒருவர். அவர் கேட்ட தொகை கட்டுப்படியாகவில்லை. மூன்றாவது, முந்தைய பதிலில் சொன்ன பாரிஸ் படம். நகரத்தைக் காப்பாற்ற ஷோல்டிட்ஸிடம் பேச்சுவார்த்தை நடத்தும் சுவீடன் தலைமைத் துணைத்தூதர் நோர்ட்லிங்காக வெல்ஸ். இரண்டு பெரிய உடம்புகள், இரண்டு கனத்த முகங்கள் எதிரெதிரே. அந்த அறைக் காட்சிகளுக்காகவே படத்தைப் பார்க்கலாம்.

சிட்டி சிட்டி பேங் பேங்ல வர்ற குண்டு ராஜா இவரா? அதே ஆளான்னு நம்பவே முடியலை.

அதே ஆள்தான். 1968-ல் வந்த குழந்தைகள் படம். கோல்ட்ஃபிங்கரை எழுதிய இயன் ஃபிளெமிங்தான் இதன் மூலக்கதையும் எழுதினார். பாண்ட் படங்களின் ஆல்பர்ட் பிராக்கலிதான் தயாரிப்பு. குழந்தைகளுக்கே தடை விதித்த வல்கேரியா என்ற நாட்டின் மன்னர் பாம்பர்ஸ்ட் வேடம். பறக்கும் கார் வேண்டும் என்று அடம் பிடிப்பார், பிறந்தநாளுக்குப் பொம்மை கேட்பார். பார்த்தால் ஊரிலேயே மிச்சமிருக்கிற ஒரே குழந்தை அவர்தான். அரண்மனையாக வருவது பவேரியாவின் நொய்ஷ்வான்ஸ்டைன் கோட்டை.

இதற்கு மூன்று வருஷம் முன்பு, 1910-ல் நடக்கும் விமானப் போட்டியைப் பற்றிய கென் அனாகின் நகைச்சுவைப் படத்தில் கர்னல் மான்ஃப்ரெட் ஃபான் ஹோல்ஸ்டைனாக வந்தார். விமானம் ஓட்டத் தெரியாது, ஆனால் கையேட்டைப் பார்த்துப் படித்தால் ஜெர்மன் அதிகாரியால் முடியாதது இல்லை என்று ஏறி உட்காருகிற ஆள். இந்த இரண்டு படங்களிலும் ஆங்கிலத்தில் கேட்பது அவருடைய சொந்தக் குரல்.

இவருடைய வில்லன்களையும் கோமாளிகளையும் அடுத்தடுத்துப் பார்த்தபோதுதான் எனக்கு ஒன்று பிடிபட்டது. இவர்கள் எல்லோருமே விளையாடுகிறார்கள். ஷ்ரோட் கையில் துணிப் பொம்மை. கோல்ட்ஃபிங்கரைப் பாருங்கள்: சீட்டாட்டம், கோல்ஃப், கடைசியில் ஃபோர்ட் நாக்ஸ் என்ற அமெரிக்கத் தங்கக் கஜானாவின் பெரிய மாதிரி பொம்மையைத் தரையிலிருந்து எழுப்பி எல்லோருக்கும் காட்டிப் பூரித்துப்போகிறார். பாம்பர்ஸ்டுக்குப் பொம்மை வேண்டும். வளர்ந்த உடம்புக்குள் வளராத பையனை இவர் ஒரு படத்தில் பயங்கரமாகவும் இன்னொன்றில் சிரிப்பாகவும் காட்டினார். இரண்டும் ஒரே இடத்திலிருந்து வருவதுதான் அவருடைய கலை என்று நான் நினைக்கிறேன்.

ஜெர்மனியில இவரைக் குழந்தைகளுக்குப் பிடிக்குமாமே? கொலைகாரனா நடிச்சவரை எப்படி?

1974-ல் 'ஹோட்ஸன்ப்ளாட்ஸ் என்ற கொள்ளைக்காரன்' படத்தில் நடித்ததால். ஓட்ஃபிரீட் பிராய்ஸ்லரின் புகழ்பெற்ற சிறுவர் கதை அது. பாட்டியின் பாட்டுப் பாடும் காபி அரைக்கும் இயந்திரத்தைத் திருடிக்கொண்டு ஓடுகிற தாடிக்காரத் திருடனாக ஃப்ரோபே. மறுபடியும் ஒரு விளையாட்டுச் சாமான், கவனித்தீர்களா? பெற்றோர் தலைமுறைக்குக் காட்டில் பயம் காட்டிய அதே மனிதரை அடுத்த தலைமுறை காட்டில் பார்த்துக் கைதட்டிச் சிரித்தது.

பெரிய கலைப் பட இயக்குநர்கள் யாராவது இவரைப் பயன்படுத்தினாங்களா?

ஃபிரிட்ஸ் லாங், வெல்ஸ் இருவரையும் மேலே சொல்லிவிட்டேன். லுக்கினோ விஸ்கோன்டியின் 1973-ம் ஆண்டுப் படம் 'லுட்விக்' பவேரிய மன்னர் இரண்டாம் லுட்விக்கைப் பற்றியது. அதில் பாதிரியார் ஹாஃப்மனாக வருகிறார். வல்கேரியாவின் அரண்மனையாகக் காட்டிய அந்தக் கோட்டையைக் கட்டியவர் இதே லுட்விக்தான்.

இங்மார் பெர்க்மன் 1976-ல் வரிப் பிரச்சினையில் மனம் நொந்து சுவீடனை விட்டு வெளியேறி, மூனிக்கில் 'பாம்பின் முட்டை' என்ற படத்தை எடுத்தார். 1923 நவம்பர், பெர்லின், பணத்துக்கு மதிப்பே இல்லாமல் போன நாட்கள். ஃப்ரோபே அதில் இன்ஸ்பெக்டர் பாவர். ஊரே குலைந்து கிடக்கும்போது தன் மேஜை வேலையையாவது ஒழுங்காகச் செய்வோம் என்று உட்கார்ந்திருக்கிற மனிதர். பெர்க்மனின் சிறந்த படங்களில் ஒன்றல்ல அது. ஆனாலும் ஃப்ரோபே வரும் காட்சிகளில் தரையில் கால் ஊன்றிக்கொள்கிறது.

டிவியில ஒண்ணும் பண்ணலையா?

பண்ணினார், ஆனால் தொலைக்காட்சி அவருடைய முதன்மைக் களம் இல்லை. 1980-களில் ஜெர்மன் வீடுகள் அத்தனையிலும் ஓடிய மருத்துவமனைத் தொடர் 'ஷ்வார்ட்ஸ்வால்ட்கிளினிக்', அதாவது கருங்காட்டு மருத்துவமனை. அதில் விருந்தினர் வேடம் ஏற்றது அவருடைய கடைசி வேலைகளில் ஒன்று.

அதைவிட அவர் விரும்பிச் செய்தது மேடையில் தனி ஆளாகக் கவிதை சொல்வது. கிறிஸ்டியான் மார்கன்ஷ்டெர்னின் விளையாட்டுத்தனமான, அர்த்தத்தைத் தலைகீழாகப் புரட்டுகிற கவிதைகளை அபிநயத்தோடு சொல்லிக் காட்டுவார். அவ்வளவு பெரிய கைகள் காற்றில் அவ்வளவு மெல்லிசாகக் கோடு போடும். பழைய பதிவுகள் கிடைத்தால், மொழி புரியாவிட்டாலும் பாருங்கள்.

நாஜியா இருந்தவர்னு கேள்விப்பட்டேன். உண்மையா, வதந்தியா?

கட்சியில் இருந்தது உண்மை. 1929-ல், 16 வயதில் நாஜிக் கட்சியில் சேர்ந்து 1937-ல் விலகினார். இதை மழுப்ப எனக்கு விருப்பம் இல்லை. 1929 என்பது ஹிட்லர் ஆட்சிக்கு வருவதற்கு நான்கு வருஷம் முன்பு; கட்டாயம் எதுவும் இல்லாத காலம்.

1965-ல் ஒரு பிரிட்டிஷ் நாளிதழ் பேட்டியில், ஆமாம், நான் நாஜியாக இருந்தேன் என்று அவர் சொன்னதாக வந்தது. இஸ்ரேலில் அவருடைய படங்களுக்குத் தடை விழுந்தது. தான் சொன்னது திரிந்துபோய்விட்டது, கட்சி உறுப்பினராக இருந்தும் இரண்டு யூதர்களுக்கு உதவ முடிந்தது என்றுதான் சொன்னேன் என்றார் ஃப்ரோபே. இதை அவர் மட்டும் சொல்லியிருந்தால் யாரும் நம்பியிருக்க மாட்டார்கள். ஆனால் ஒரு யூதர் வியன்னாவில் இருந்த இஸ்ரேல் தூதரகத்துக்கே போய், போர்க் காலத்தில் தன்னையும் தன் தாயையும் ஒளித்து வைத்துக் காப்பாற்றியவர் இவர் என்று சொன்னார். தடையை நீக்கினார்கள்.

அப்போ அவர் நல்லவரா, கெட்டவரா? ஒரு முடிவா சொல்லுங்க.

கட்சியில் சேர்ந்த 16 வயதுப் பையனும், பிறகு ஒரு தாயையும் மகனையும் ஒளித்து வைத்த நடிகரும் ஒரே ஆள். ஒன்றை வைத்து மற்றதை அழிக்க முடியாது என்பது என் எண்ணம். உதவி பெற்றவர் தானாக வந்து சாட்சி சொன்னார் என்பதற்கு நான் அதிக எடை கொடுக்கிறேன். நீங்கள் வேறு மாதிரி எடை போட்டால் அதையும் புரிந்துகொள்கிறேன். ஆனால் இரண்டு தகவலையும் சேர்த்தே சொல்லுங்கள். 'நாஜி நடிகர்' என்று பாதியை மட்டும் பகிர்வதும், 'யூதர்களைக் காத்த வீரர்' என்று மறுபாதியை மட்டும் பகிர்வதும் இரண்டுமே தப்பு.

எப்போ இறந்தார்?

1988 செப்டம்பர் 5 அன்று மூனிக்கில், மாரடைப்புக்குப் பின். வயது 75. மூனிக்குக்குத் தெற்கே ஈக்கிங் என்ற ஊரில் காட்டுக்குள் இருக்கும் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்தார்கள்.

கோல்ட்ஃபிங்கர்ல அவரோட சொந்தக் குரலைக் கேட்கவே வழி இல்லையா?

இருக்கிறது, இரண்டு வழி. ஒன்று, படத்தின் அந்தக் கால ஆங்கில டிரெய்லர். டப்பிங் சேர்ப்பதற்கு முன் தயாரானதால் அவர் தட்டித் தடவிப் பேசிய ஆங்கிலம் அதில் ஒட்டிக்கொண்டு நிற்கிறது. கேட்டால் ஹாமில்டன் ஏன் வேறு குரல் தேடினார் என்பதும் புரியும்.

இன்னொன்று, ஜெர்மன் மொழிப் பதிப்பு. அதில் அவரே தனக்கு டப்பிங் பேசினார். டிஸ்க்கில் ஜெர்மன் ஒலித்தடம் இருந்தால், ஆங்கிலத்தில் பார்த்துப் பழகிய லேசர் காட்சியை அதில் போட்டுக் கேளுங்கள். சத்தத்தைக் கொஞ்சம் கூட்டி வைத்துக்கொள்ளுங்கள், அவர் அங்கே குரலை உயர்த்துவதில்லை.